வற்றுப்பூவின் தடம்

என் மனைவி செசிலி மூன்று பாக்கெட் பொடியால் பிழைத்தவள். இதைச் சொன்னால் ஏதோ சத்துமாவு என்று நினைத்துக்கொள்கிறார்கள். அது ரத்தம். எந்த ஊரோ என்ன பெயரோ தெரியாத மூன்று பேர் கொடுத்த ரத்தத்தைக் காயவைத்துப் பொடியாக்கி, உப்புநீரில் கரைத்தால் மறுபடி உயிரோடு ஓடும்படி செய்து, ஒரு சின்ன ஊர் ஆரம்ப சுகாதார நிலையத்தின் அலமாரியில் வைத்திருந்தார்கள். திருச்சிக்குத் திரும்பும் வழியில் அங்கேதான் அவளுக்கு வலி எடுத்தது. அமலி பிறந்தாள். செசிலிக்கு ரத்தம் நிற்கவில்லை.

எங்கள் வீட்டுப் பெண்களுக்கு பம்பாய் வகை ரத்தம். பம்பாயை அவர்கள் யாரும் பார்த்ததுகூட இல்லை, பெயர்தான் அப்படி. பத்தாயிரத்தில் ஒருவருக்கு இருக்கும். வேறு எந்த வகையும் சேராது. அத்தை மகளைக் கட்டிக்கொண்ட எனக்குச் சீதனமாக மகளுக்கும் அதே வகை வாய்த்தது. பழைய காலமாக இருந்தால் மாநிலம் முழுக்கப் போன் போட்டு ஆள் தேடுவதற்குள் கதை முடிந்திருக்கும். அங்கே இருந்த நர்ஸ் அலமாரியைத் திறந்து, தேதி பார்த்து, பத்து நிமிடத்தில் கரைத்து ஏற்றிவிட்டார். பாக்கெட்டின் மேல் ஒரு சின்ன மஞ்சள் பூவின் படம் அச்சாகி இருந்தது. அந்தப் பூவைப் பார்த்து நான் கும்பிட்டேன். நர்ஸ் சிரித்தார்.

அந்தப் பூவுக்குக் காவல் பார்க்க ஆள் எடுக்கிறார்கள் என்று எட்டு மாதம் கழித்து விளம்பரம் வந்தது. திருச்சியில் நான் வேலி போடுகிறவன். முள்வேலி இல்லை, எறும்பு நுழைந்தால்கூடக் கூவுகிற மின்வேலி. என் பெயர் சிங்கராயர். விண்ணப்பத்தில் ‘ஏன் இந்த வேலை வேண்டும்’ என்ற கேள்விக்கு எதிரே ‘நன்றி’ என்று ஒரே சொல் எழுதினேன். எடுத்துக்கொண்டார்கள், குடும்பத்தோடு அங்கேயே குடிபோனோம்.

ஊர் கருங்காலியேந்தல், சிவகங்கைப் பக்கம். ஊருக்கு மேற்கே பெரிய கண்மாய். ஐப்பசியில் நிறைந்து, மாசியில் வற்றத் தொடங்கும். தண்ணீர் பின்வாங்கப் பின்வாங்க, விட்டுப்போன ஈர மண்ணில் அந்தச் செடி முளைக்கும். சுண்டுவிரல் உயரம். சட்டைப் பொத்தான் அளவுக்குப் பூ. சூரியகாந்தி வம்சம், நம் மஞ்சள் கரிசலாங்கண்ணிக்கு ஒன்றுவிட்ட தங்கை. ஊரார் அதை வத்துப்பூ என்பார்கள். நாங்கள் அறிக்கையில் வற்றுப்பூ என்று திருத்தமாக எழுதினோம். முதல் பங்குனியில் நான் பார்த்தபோது கண்மாய் முழுக்க மஞ்சள். கண் கூசியது.

பூவின் ரகசியத்தைக் கண்டுபிடித்தவர் டாக்டர் மங்களேஸ்வரி. ஊர் மந்தையில் கூட்டம் போட்டு அவரே விளக்கினார்.

"இந்த விதை எத்தனை வருஷம் காஞ்சாலும் சாகாது. உள்ள ஒரு சத்து இருக்கு. காயும்போது உயிரைத் தூங்க வைக்கும், தண்ணி பட்டா எழுப்பி விடும். அதை எடுத்துத்தான் ரத்தத்துல கலக்குறோம். ஆலையில செஞ்சு பார்த்தோம், வரல. வேற ஊர்ல விதைச்சோம். செடி வந்துச்சு, சத்து வரல. இந்தக் கண்மாய் மண்ணுல மட்டும்தான் வருது."

"அதுக்கு நாங்க என்ன செய்யணும் தாயி?" என்று பூமயில் என்ற பெண் கேட்டாள்.

"ஒண்ணும் செய்யாம இருக்கணும். ஆளு, ஆடு, மாடு எதுவும் உள்ள போகக் கூடாது. பூவை யாரும் மிதிக்கக் கூடாது."

"அப்ப மீனு?"

அந்தக் கேள்விதான் ஊரின் மொத்தக் கேள்வி. சித்திரை மாதம் கண்மாயில் முழங்கால் தண்ணீர் மிஞ்சும்போது மீன்பிடித் திருவிழா. பதினெட்டுப் பட்டியும் கரையில் வந்து நிற்கும். கரைமேல் ஒருவர் வெள்ளைத் துண்டை வீசுவார். வீசியதும் ஆணும் பெண்ணும் குஞ்சும் குளுவானும் ஊத்தாக் கூடையும் வலையுமாக உள்ளே பாய்வார்கள். கெளுத்தி, விரால், கெண்டை என்று யாருக்கு எது அகப்படுகிறதோ அது. ஒரு மீனையும் விலைக்கு விற்கக் கூடாது. பிள்ளை பெற்ற வீட்டுக்கு முதல் மீன் போகும். அன்றைக்கு அந்த ஊரில் எந்த வீட்டுப் பக்கம் போனாலும் மீன் குழம்பு மணக்கும் என்றார்கள். நான் மணந்ததில்லை, நிறுத்தியவனே நான்தானே.

கூட்டத்தில் சலசலப்பு எழுந்தபோது நான் எழுந்து செசிலியின் கதையைச் சொன்னேன். கையில் அமலி இருந்தாள். கூட்டம் அடங்கியது. பூமயில் குழந்தையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"மீனு எங்கிட்டுப் போகப் போகுது, போட்டுக்கங்க வேலிய" என்றாள்.

அவ்வளவுதான். கையெழுத்துகூட அப்புறம்தான் வாங்கினோம். அந்தச் சனங்களுக்கு நான் எத்தனை ஜென்மத்துக்கும் நன்றி சொல்லித் தீராது என்று அன்றைக்கே நினைத்தேன். நினைத்துக்கொண்டே வேலியைப் போட்டேன். என் வாழ்க்கையில் நான் போட்ட வேலிகளிலேயே அருமையான வேலி அது. மீறி நுழைந்தால் மூன்று வருடம் சிறை என்று சட்டமும் வந்தது. விதை எடுக்கக்கூட ஆள் இறங்கவில்லை. பறக்கும் கருவி மேலேயே நின்று பாதி விதையை உறிஞ்சிக்கொண்டு, பாதியை மண்ணுக்கு விட்டுவிடும். உள்ளே போக வர உரிமை உள்ளவர் ஒரே ஒருவர். மடை பார்க்கும் சோணைமுத்து. ஐம்பது தாண்டிய, அதிகம் பேசாத மனிதர். மடையைத் திறக்க அவர் சாவி போட்டால் அரை மணி நேரம் வேலி உறங்கும்.

முதல் வருடம் பொன்னாக விளைந்தது. இரண்டாம் வருடம் கொஞ்சம் குறைவு. மழை சரியில்லை என்று எழுதினேன். மூன்றாம் வருடம் நல்ல மழை, பூ பாதி. நான்காம் வருடம் அங்கங்கே தேமல் மாதிரி. டாக்டர் பயந்துபோய், கிடங்கில் இருந்த விதையில் ஒரு மூட்டையை மேலிருந்து தூவச் சொன்னார். ஐப்பசி வெள்ளம் வந்ததும் அத்தனையும் மிதந்து, கரை மூலையில் ஒதுங்கி அழுகிக் கிடந்தது. நான் வேலியை இன்னும் இறுக்கினேன். என் புத்தி வேலியைத் தாண்டி எங்கே போகும்?

ஐந்தாம் வருடம் பங்குனியில் கண்மாய் வெறும் மண்ணாகக் கிடந்தது. கிடங்கில் மிச்சம் நான்கு மூட்டை விதை. இரண்டு வருட மருந்து. அதற்குமேல் அலமாரிகள் காலியாகும். மகள் அமலி அப்போது ஓடி விழுந்து முழங்காலைச் சிராய்த்துக்கொள்ளும் வயதில் இருந்தாள். ஒவ்வொரு சிராய்ப்புக்கும் ஓடிப்போய் ரத்தம் நின்றுவிட்டதா என்று பார்த்தேன்.

அப்படி ஒரு காலையில்தான் வேலிக்கு உள்ளே சோணைமுத்து குனிந்து எதையோ பறிப்பதைப் பார்த்தேன். மடைச் சாவி போட்டிருந்தது. ஓடினேன். அவர் துண்டில் ஏழெட்டு வற்றுப்பூ.

"என்ன பண்றீங்க?"

நிமிர்ந்தார். முகம் வெளிறிவிட்டது. அவர் காலடியிலிருந்து தண்ணீர் வரைக்கும் நான் பார்த்தேன். வெறும் மண்ணில் ஒற்றை வரிசையாக மஞ்சள். மடையிலிருந்து தண்ணீர் விளிம்புவரை போய், திரும்பி வந்திருந்தது. கிட்டே போய்க் குனிந்து பார்த்தேன். அது பாதத்தின் வடிவம். குதிகாலுக்கு ஒரு கொத்து, பெருவிரலுக்கு இரண்டு பூ, மற்ற விரலுக்கு ஒவ்வொன்று. இடது, வலது, இடது, வலது. பக்கத்திலேயே சின்னப் பாதங்கள் சில இடங்களில் தொடர்ந்தன, சில இடங்களில் இல்லை.

போன வருடம் யாரோ உள்ளே நடந்திருக்கிறார்கள். நடந்த இடத்தில் மட்டும் பூத்திருக்கிறது.

"நாந்தேன் சார் போனேன்" என்றார் சோணைமுத்து. "எம் பேத்தியக் கூட்டிக்கிட்டு. எழுதிக்கங்க."

எழுதிக்கொண்டேன். பேனா தாளைக் கிழித்தது. கோபம் என்று அப்போது நினைத்தேன்.

மத்தியானத்துக்குள் டாக்டர் மங்களேஸ்வரி மதுரையிலிருந்து வந்து சேர்ந்தார். தடத்தின் முன்னால் உட்கார்ந்தார். சேலை சேறாவதைக் கவனிக்கவில்லை. ஒரு செடியின் வேரடியை விரலால் தோண்டிப் பார்த்தார்.

"சிங்கராயர், விதை தக்கை மாதிரி லேசு. மேல கிடந்தா வெள்ளம் வந்ததும் மிதந்து போயிரும். யாராவது சேத்துக்குள்ள அழுத்தி விட்டாத்தான் தங்கும். வருஷா வருஷம் இந்த ஊரு அதைத்தான் செஞ்சிருக்கு."

"யாரு?"

"மீன் பிடிக்க வந்த ஆயிரக்கணக்கான காலு. நாம நிறுத்தினோமே, அது." சேற்றுக் கையோடு எழுந்தார். "ஊருக்கும் தெரியாது, நமக்கும் தெரியாது. நான்தான் மிதிக்கக் கூடாதுன்னு சொன்னேன். மந்தையில நின்னு சொன்னேன்."

நான் வேலியைப் பார்த்தேன். என் அருமையான வேலி. ஐந்து வருடமாக நன்றி நன்றி என்று சொல்லிக்கொண்டே பூவின் கழுத்தை நெரித்திருக்கிறேன்.

"இதை மேலிடத்துல ஒத்துக்க வைக்கணும்னா இந்தத் தடம்தான் சாட்சி" என்றார் டாக்டர். "என்ன தேதி, எவ்வளவு எடை, எப்படி நடந்தாங்க, எல்லாம் சரியா வேணும். கிடங்கு விதையில ரெண்டு மூட்டை கேட்கப்போறேன். தூவி மிதிக்க வைக்கிறதுக்கு. தப்பாப் போனா ஒரு வருஷ மருந்து போச்சு. அதனால ஒரு பொய்கூட இருக்கக் கூடாது. சோணைமுத்து ஐயா, நீங்க என்னைக்குப் போனீங்க?"

"சித்திரையில."

"தேதி?"

"தேதியெல்லாம் யாரு பாத்தா தாயி."

நான் தடத்தின் தொடக்கத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். மடையை ஒட்டி முதல் பத்து அடிகளில் விரல்களே இல்லை. வழவழப்பான நீள்வட்டம். அப்புறம் இரண்டு நீள்வட்டங்கள் ஒட்டி நின்றன. அங்கிருந்துதான் விரல்கள் தொடங்கின.

"செருப்பை இங்கதான் கழட்டினீங்களா?" என்று கேட்டேன்.

"கம்மாய்க்குள்ள எவன் சார் செருப்புப் போட்டு வருவான்? எங்க ஊருல பச்சப் புள்ளகூட கரையிலயே கழட்டிப் போட்டுட்டுத்தேன்..." என்று சொல்லிக்கொண்டே வந்தவர் சட்டென நிறுத்தினார். தரையைப் பார்த்தார்.

அப்படியானால் வந்தவர் இந்த ஊர் ஆள் இல்லை. பத்து அடி வந்த பிறகு, இது செருப்புப் போட்டு நடக்கிற இடம் இல்லை என்று தோன்றிக் கழற்றிய யாரோ.

நான் தடத்தின் ஓரமாகவே தண்ணீர்வரை நடந்தேன். தடம் முடிகிற இடத்தில் அருகருகே இரண்டு வட்டங்கள் பூத்திருந்தன. பக்கத்தில் இரண்டு குட்டி வட்டங்கள்.

"கொடம் வச்சிருப்பேன் சார்" என்றார் சோணைமுத்து பின்னாலிருந்து. அவர் குரலில் உயிர் இல்லை.

குடம் இல்லை. முழங்கால். தினமும் ராத்திரி சாப்பாட்டுக்கு முன் மாதா படத்தின் எதிரே சிமெண்டுத் தரையில் நான் பார்க்கிற அதே நான்கு முழங்கால்கள். அமலியின் பிறந்தநாள் சித்திரை பதினெட்டு. ஒவ்வொரு வருடமும் அதே வாரத்தில் எனக்கு மதுரையில் கூட்டம் வரும். பிறந்தநாளுக்கு இல்லாமல் போகிறேனே என்று நான் புலம்ப, "பரவால்லத்தான், நாங்க பாத்துக்குறோம்" என்று செசிலி சொல்வாள்.

சோணைமுத்துவைத் திரும்பிப் பார்த்தேன். என்னிடமிருந்து என் மனைவியைக் காப்பாற்றத்தான் அந்த மனிதர் விடியற்காலையில் பூப்பறித்திருக்கிறார். மூன்று வருடச் சிறையைத் தன் பெயரில் எழுதிக்கொள்ளவும் சொன்னார்.

"மொத வருசம் கைப்புள்ளயத் தூக்கிக்கிட்டு வந்து மடைகிட்ட நின்னுச்சு சார்" என்றார் மெதுவாக. "ஒரு தடவ உள்ள விடுங்கண்ணே, கும்புட்டுட்டு வந்துர்றேன்னுச்சு. சாமி கும்புட வந்த பிள்ளைய எப்படிப் போகச் சொல்றது? ஊருக்கே தெரியும். ஒருத்தரும் வாயத் தொறக்கல."

அன்று சாயங்காலம் வீட்டுக்குப் போய் செசிலியின் எதிரே உட்கார்ந்தேன். கேட்க வேண்டியதே இல்லை. என் முகத்தைப் பார்த்ததும் புரிந்துகொண்டாள்.

"தப்புதான். நீங்க வேலி போட்டு நன்றி சொன்னீங்கத்தான். எனக்கு அந்த மாதிரி எதுவும் செய்யத் தெரியாது. போய் முழங்கால் போட்டேன். போட்டோவுக்கு முன்னாடி நின்னு சொல்ற மாதிரி வேலிக்கு வெளிய நின்னு சொல்ல மனசு வரல."

"சோணைமுத்து தன் பேர்ல எழுதச் சொல்லிட்டாரு."

அவள் எழுந்துபோய் என் அறிக்கைத் தாளையும் பேனாவையும் எடுத்துவந்து என் முன்னால் வைத்தாள்.

"அடிச்சிட்டு என் பேர எழுதுங்க."

"செசிலி, மூணு வருஷம்."

"நம்ம பொண்ணுக்காக மீன விட்டுக் குடுத்த ஊரு அது. அந்த ஊரு மனுசன ஜெயிலுக்கு அனுப்பிட்டு நாம எந்த முகத்தோட சாப்பிடுறது? அதோட டாக்டருக்கு உண்மையான தேதி வேணும்ல. சித்திரை பதினெட்டு. காலையில ஆறரை மணி. என் எடை ஐம்பத்தேழு. அமலி பதினாலு கிலோ. போகும்போது நடந்தா, பாதியில காலு வலிக்குதுன்னா, தூக்கிக்கிட்டேன். எழுதுங்க."

எழுதினேன். ‘அத்துமீறி நுழைந்தவர்: செசிலி, வயது முப்பத்து நான்கு, காப்பாளரின் மனைவி.’ என்னைக் கட்டிக்கொண்ட நாளிலிருந்து அவளைப் பற்றி நான் எழுதிய ஒரே காகிதம் அதுதான். அழுதேன். அவள் அழவில்லை, பெண்டாட்டியைப் பிடித்துக்கொடுத்த முதல் ஆம்பளை நீங்கள்தான் என்று கேலி வேறு செய்தாள்.

மேலிடத்தில் பதினேழு நாள் விவாதம் நடந்தது. டாக்டர் மங்களேஸ்வரி, மிதிக்கக் கூடாது என்று சொன்னது தன் தவறு என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். படித்தவர்கள் எத்தனை பேர் அப்படி எழுதிக் கொடுப்பார்கள்? வழக்கு வேண்டாம் என்று முடிவாயிற்று. ஆனால் தன் வீட்டு ஆளே வருடா வருடம் நுழைந்ததைக் கண்டுபிடிக்காத காவலாளி எதற்கு என்று என்னை வீட்டுக்கு அனுப்பினார்கள். நியாயம்தான். போகும் முன் கடைசி வேலையாக, என் வேலியை நானே அவிழ்த்துச் சுருட்டினேன்.

அந்தச் சித்திரையில் இரண்டு மூட்டை விதையை ஈரச் சேற்றில் தூவினார்கள். ஒரு வருடத்து மருந்து அது. கரையில் பதினெட்டுப் பட்டியும் நின்றது. ஐந்து வருடமாகப் பரணில் கிடந்த ஊத்தாக்களைத் தூசி தட்டி எடுத்து வந்திருந்தார்கள். சோணைமுத்து வெள்ளைத் துண்டைக் கொண்டுவந்து செசிலியிடம் நீட்டினார். அவள் மாட்டேன் என்றாள். பூமயில் விடவில்லை.

"வீசு தாயி. உள்ள போறதுக்கு உனக்கா சொல்லிக் குடுக்கணும்?"

கரை முழுக்கச் சிரித்தது. செசிலி துண்டை வீசினாள். மண் அதிர்ந்தது. ஆயிரக்கணக்கான கால்கள் ஒரே சமயத்தில் சேற்றில் இறங்குகிற சத்தத்தை நான் அன்றைக்குத்தான் கேட்டேன். செசிலியும் அமலியும் ஓடினார்கள். விரால் ஒன்று கூடைக்குள் அகப்பட்டபோது, பிள்ளை பெற்ற வீடு அந்த வருடம் ஊரில் மூன்று இருந்தும், ‘பாக்கி இருக்கு’ என்று முதல் மீனை எங்களுக்குக் கொடுத்துவிட்டார்கள். ஐந்து வருடத்துப் பாக்கி என்று புரியக் கொஞ்சம் நேரமாயிற்று. குழம்பு மணந்தது.

நாங்கள் திருச்சிக்குத் திரும்பினோம். நான் வேலி வேலையை விட்டுவிட்டுக் கடைகளுக்குக் கேமரா மாட்டினேன். ஐப்பசி வெள்ளம், மார்கழிப் பனி, தை, மாசி. ஒவ்வொரு மாதமும் நான் நகத்தைக் கடித்துக்கொண்டிருந்தேன். முளைக்காவிட்டால் அலமாரிகள் காலி. பங்குனி பத்தாம் தேதி சோணைமுத்துவிடமிருந்து போன் வந்தது. முழுசாகப் பேசவில்லை.

"பிள்ளையக் கூட்டிக்கிட்டு வாங்க சார்" என்றார். வைத்துவிட்டார்.

மறுநாள் கரையில் ஏறி நின்றோம். கண்மாய் முழுக்கப் பாதங்கள். மஞ்சள் பாதங்கள். ஓடிய பாதம், வழுக்கிய பாதம், ஒருவர் மேல் ஒருவர் ஏறி மிதித்த பாதம், நான்கு விரல் பாதம், தடி ஊன்றிய புள்ளி. போன சித்திரையில் அங்கே இருந்த அத்தனை பேரும் மஞ்சளாக நின்றுகொண்டிருந்தார்கள். டாக்டர் மங்களேஸ்வரி ஓரமாக நின்று கண்ணைத் துடைத்துக்கொண்டார். யார் யாருக்கு நன்றி சொல்வது என்று அங்கே யாருக்கும் தெரியவில்லை. ஆகவே எல்லோரும் எல்லோரையும் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தோம்.

நாங்கள் மூவரும் கரையிலேயே செருப்பைக் கழற்றினோம். அமலி சரசரவென்று இறங்கித் தேடி, தன் பழைய காலடியைக் கண்டுபிடித்துவிட்டாள். பக்கத்தில் அவள் அம்மாவின் காலடி இருந்தது, அதனால் அடையாளம் தப்பவில்லை. அவள் தன் காலை அதற்கு நேர்மேலே தூக்கிப் பிடித்து அளந்து பார்த்தாள். போன வருடத்துப் பாதத்தைவிட விரல்கள் வெளியே நீண்டன. ஒரு வருடம் வளர்ந்திருக்கிறாள். அதைப் பார்க்க அவள் அம்மாவும் உயிரோடு பக்கத்தில் நிற்கிறாள்.

காலைக் கீழே வைக்காமல், என் முகத்தைப் பார்த்தாள். பிறந்ததிலிருந்து அவள் அப்பா அவளுக்குச் சொல்லிக்கொடுத்தது ஒன்றே ஒன்றுதான்.

"மிதிக்கலாமாப்பா?"

"மிதிம்மா" என்றேன். "நல்லா அழுத்தி மிதி."